சாட்சிக் கையெழுத்துக்கு விட்ட இடம்

எனக்கு வயது எழுபத்திரண்டு. பெற்றது நான்கு, வளர்த்தது ஆறு. ஆறில் இரண்டு என் தங்கை விட்டுவிட்டுப் போன பிள்ளைகள். எது என் வயிற்றில் பிறந்தது, எது அவள் வயிற்றில் பிறந்தது என்று கேட்டால் ஊரில் பாதிப் பேருக்குச் சொல்லத் தெரியாது. ஒரே சட்டிக் குழம்பில் வளர்ந்தவர்கள். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இனி சொல்லப்போவதில் நான் தோற்றவளாகத் தெரிவேன். தோற்றதற்கு முன்னால் ஆறு பேரை ஆளாக்கியவள் என்பதும் தெரிந்திருக்கட்டும்.

நான் சொல்லச் சொல்ல என் பேத்தி எழுதுகிறாள். என் பேச்சை அவள் படித்த தமிழுக்கு மாற்றிக்கொள்கிறாள், மாற்றட்டும். ஆட்கள் பேசியதை மட்டும் பேசினபடியே எழுதச் சொல்லியிருக்கிறேன். எனக்கு எழுத வருவது ஒன்றே ஒன்றுதான். என் பேர்.

அதையும் முப்பத்தைந்து வயதில்தான் கற்றேன். ரேஷன் கடையில் ஒருநாள் பில் போடுகிறவன் என் கையைக் கேட்காமலே பிடித்து, பெருவிரலை மையில் அமுக்கி, நோட்டில் ஒற்றிவிட்டுக் கையை அப்படியே விட்டான். களவாணியைப் பிடிக்கிற பிடி அது. வீட்டுக்கு வந்ததும் பெரிய மகளின் சிலேட்டை வாங்கினேன். ஐந்து எழுத்துக்கு ஒரு மாதம் ஆனது. அடுப்படித் தரையில் ஈர்க்குச்சியால் எழுதி எழுதி அழிப்பேன். அடுத்த மாதம் ரேஷன் கடையில் அவன் மைப்பெட்டியைத் திறந்தபோது அதை மூடி அவன் பக்கமே தள்ளிவிட்டுப் பேனாவைக் கேட்டேன். பின்னால் வரிசையில் நின்ற பெண்கள் எல்லாரும் பார்த்தார்கள். அதற்குப் பிறகு எந்தக் காகிதத்திலும் நான் விரல் வைத்ததில்லை.

இப்போது அதே கடையில் மிஷின் வைத்திருக்கிறார்கள். அது காகிதம் இல்லை என்பதால் அதில் விரல் வைக்கிறேன். ஆனால் மிஷின் என் விரலை ஏற்பதில்லை. நாற்றுப் பிடுங்கி, களை எடுத்து, சாணி தட்டி ரேகையெல்லாம் தேய்ந்துவிட்டதாம். பேத்தி விரல் வைத்தால்தான் அரிசி வரும்.

காகிதத்தில் விரல் வைப்பதில்லை என்ற வைராக்கியத்தில் ஒரே ஒரு முறை தவறினேன். அந்த ஒரு முறையும், அதை மறைக்க நான் காட்டிய வீம்பும் சேர்ந்து என் மகனின் பஸ்ஸை நிறுத்திவிட்டன.

மூன்றாவது மகன் மினி பஸ் வைத்திருந்தான். ஒரே வண்டி. அவனே முதலாளி, அவனே டிரைவர். காளவாசலில் கிளம்பி, மெயின் ரோட்டில் கொஞ்ச தூரம் வந்து, கண்மாய்க்கரையில் திரும்பி, எங்கள் ஊர் தாண்டி இன்னும் இரண்டு ஊர் போய்த் திரும்பும். அந்தக் கரை ரோட்டில் பெரிய பஸ் வராது. அவன் வண்டி வருவதற்கு முன்னால் எல்லாரும் நடைதான். அவன் வந்த பிறகு காலை முதல் நடையில் மல்லிகைப் பூ மூட்டைகள் ஏறும், அடுத்த நடையில் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள், அதற்கடுத்து ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்கள். முன் சீட்டு எனக்கு. ஏறுகிறபோதெல்லாம் “ஆத்தா டிக்கெட் எடுத்தாச்சா?” என்று கேட்பான், பஸ் முழுக்கச் சிரிக்கும்.

ஒரு வைகாசி மாதம், காளவாசலுக்குக் கொஞ்சம் முன்னால், வண்டியை ஓரம் கட்டி நிறுத்தினான். ஹேண்ட் பிரேக்கை இழுத்துவிட்டான். ஸ்டியரிங்கில் தலையைச் சாய்த்தான். அவ்வளவுதான். நாற்பத்தோரு வயது. உள்ளே இருந்த முப்பது பேரில் ஒருவருக்குக் கீறல் இல்லை. அந்த ஹேண்ட் பிரேக்கைப் பற்றித்தான் துக்கத்துக்கு வந்தவர்கள் எல்லாரும் பேசினார்கள். நானும் அதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன், இப்போதும் நினைக்கிறேன்.

பதினாறாம் நாள் கருமாதி. பந்தலில் பந்தி நடந்துகொண்டிருந்தது. பர்மிட் வேலைகளைப் பார்க்கிற புரோக்கர் ஒருவர் ஒரு கட்டுக் காகிதத்தோடு வந்தார். பர்மிட் என் மகன் பேரில் இருக்கிறது, இறந்தவர் பேரில் பர்மிட் நிற்காது, முப்பது நாளைக்குள் எழுதிக் கொடுத்து வாரிசு பேருக்கு மாற்றக் கேட்க வேண்டும், எழுதிக் கொடுத்தால் மூன்று மாதம்வரை வண்டி ஓட்டலாம், அதற்குள் மாறிவிடும் என்றார். மருமகள் பள்ளிக்கூடத்தில் சத்துணவு அமைப்பாளர். சர்க்கார் வேலையில் இருப்பவள் பேரில் பஸ் பர்மிட் வாங்கினால் வேலைக்கு வம்பு வரும். பேத்திக்கு அப்போது பதினாறு. ஆகவே என் பேருக்கு என்று முடிவானது.

பேனாவை வாங்கினேன். முதல் எழுத்தைப் போட்டேன். அது கோடாகவும் வரவில்லை, சுழியாகவும் வரவில்லை. மகனுக்கு வாய்க்கரிசி போட்ட கை, பதினாறு நாளாக ஒரு டம்ளரைக்கூட நேராகப் பிடிக்காத கை. புரோக்கர் அந்தத் தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு வேறு தாள் எடுத்தார். “ரேகையா வச்சுருங்கம்மா, ரெண்டும் ஒண்ணுதான்” என்றார். இடது பெருவிரலை நீட்டினேன். யார் பிடித்து அமுக்கினார்கள் என்றுகூடப் பார்க்கவில்லை. என்ன எழுதியிருக்கிறது என்று யாரும் படித்துக் காட்டவில்லை, நானும் கேட்கவில்லை.

ரேகை வைத்தால் பக்கத்தில் எழுதத் தெரிந்த ஒருவர், இது இன்னாருடைய ரேகைதான் என்று சாட்சிக் கையெழுத்துப் போட வேண்டுமாம். பக்கத்துப் பந்தியில் என் மகனின் கூட்டாளி சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அடுத்த ஊர்க்காரன். இரண்டு பேரும் ஒன்றாகப் படித்தவர்கள், ஒருவரை ஒருவர் மாப்ள என்றுதான் கூப்பிடுவார்கள். புரோக்கர் அவனிடம் தாளை நீட்டினார். அவன் சோற்றில் ரசம் ஊற்றிப் பிசைந்துகொண்டிருந்தான். கையைத் தூக்கிக் காட்டினான்.

“கை எச்சியா இருக்குண்ணே. கழுவிட்டு வந்து போட்டுத் தாரேன்.”

அவன் கை கழுவினானா, மறந்தானா, புரோக்கர் அவசரத்தில் காகிதக் கட்டை மடித்துக்கொண்டு போய்விட்டாரா, எனக்குத் தெரியாது. அந்த இடம் அப்படியே வெறுமையாகப் போய்ச் சேர்ந்தது. அவன் அன்றைக்கு வஞ்சகமாகச் செய்யவில்லை. அதை நான் எந்தச் சாமி முன்னாலும் சொல்வேன். அன்றைக்கு அவன் அழுதுகொண்டேதான் சாப்பிட்டான்.

மூன்று மாதம் கூலிக்கு டிரைவர் வைத்து ஓட்டினோம். அப்புறம் நின்றது. வீட்டுக்குப் பக்கத்துக் காலி இடத்தில் பஸ்ஸைக் கொண்டுவந்து நிறுத்திவிட்டு, டிரைவர் சாவியை என் கையில் கொடுத்தார். இன்னும் ஒரு வாரத்தில் ஓடிவிடும் என்றுதான் நினைத்தோம்.

போக்குவரத்து ஆபீசுக்கு எத்தனை முறை போயிருப்பேன். மருமகள் லீவு போட முடிந்த நாளில் அவளோடு, முடியாத நாளில் தனியாக. ஆபீஸ் வாசலில் கைப்பிடி இல்லாத ஒரு பெஞ்சு உண்டு. யாரும் என்னைத் திட்டவில்லை, பொய் சொல்லக்கூடாது. உட்காரச் சொல்வார்கள். தண்ணீர் வேண்டுமா என்றும் ஒரு பெண் கேட்பாள். “மனு பரிசீலனையில இருக்கும்மா” என்பார்கள். இருந்த ஆபீசர் மாறிப் போனார், வந்த ஆபீசர் பழைய கட்டுகளைப் பார்க்க வேண்டும் என்றார்கள். தேர்தல் என்றார்கள். கூட்டத்தில் வைக்க வேண்டும் என்றார்கள். இல்லை என்று சொல்லியிருந்தால்கூட அழுதுவிட்டு வேறு வழி பார்த்திருப்பேன். ஆம் என்றும் இல்லை, இல்லை என்றும் இல்லை.

அந்தப் பர்மிட்டுக்கு ஆயுள் ஐந்து வருடம். மகன் சாகும்போது இரண்டு வருடம் மிச்சம் இருந்தது. அது முடிந்துவிட்டால் மாற்றித் தருவதற்கு அங்கே ஒன்றுமே இருக்காது. ஒவ்வொரு மாதமும் நாங்கள் காத்திருந்த காலம் அந்த இரண்டு வருடத்தில் இருந்துதான் கழிந்தது.

பஸ்ஸின் சக்கரத்தைச் சுற்றிக் கோரை முளைத்தது. சீட்டு ரெக்சினை எலி கடித்தது. தினமும் ஒரு பழைய சேலைத் துணியோடு ஏறிக் கண்ணாடியையும் கம்பியையும் துடைப்பேன். பூக்காரப் பெண்கள் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு பஸ்ஸைக் கடந்து மெயின் ரோட்டுக்கு நடந்து போவார்கள். வெயில் ஏறினால் மொட்டு சோர்ந்துவிடும், சந்தையில் ஒதுக்கிவிடுவார்கள். முதலில், “என்னத்தா, எப்ப ஓடும்?” என்று கேட்டார்கள். பிறகு ஒருத்தி, “ஆத்தா நல்லாத் துடைங்க, மியூசியத்துக்குக் கேட்டுருக்காகளாம்” என்றாள். அதற்கும் பிறகு யாரும் ஒன்றும் கேட்கவில்லை. கேலி பண்ணிய காலமே தேவலை என்று தோன்றியது.

பதினான்காம் மாதம் மருமகளுடைய தலைமையாசிரியை ஒரு வக்கீலம்மாவைச் சொன்னார். ஒத்தக்கடைப் பக்கம் இருக்கிற ஐகோர்ட்டுக்குப் போகலாம் என்றார். வக்கீலம்மாவுக்கு என் சின்ன மகள் வயதுதான் இருக்கும். கோர்ட்டு பர்மிட் கொடுக்காது. கிடப்பில் போட்டிருக்கிற மனுவின் மேல் இத்தனை நாளைக்குள் முடிவெடு என்று ஆபீசுக்கு உத்தரவு போடும், அவ்வளவுதான் என்று இரண்டு முறை சொன்னார். நான் தலையாட்டினேன்.

கோர்ட்டுக்குக் கொடுக்கிற காகிதங்களை அவருடைய குமாஸ்தா கொண்டுவந்து வைத்தார். எல்லாம் இங்கிலீஷ். என் சேலையையும் காலையும் பார்த்துவிட்டுக் கேட்காமலே மைப்பெட்டியைத் திறந்தார். எனக்குப் பழைய ரேஷன் கடை ஞாபகம் வந்துவிட்டது. பெட்டியை மூடி அவர் பக்கம் தள்ளினேன்.

“பேனா குடுங்க. எனக்குப் பேர் எழுதத் தெரியும்.”

மருமகள் என் முழங்கையைத் தொட்டாள். “அத்தை, ஆபீசுல குடுத்ததுல ரேகைதான வச்சிருக்கீக. இதுலயும் அதே மாதிரி வச்சுருவமே” என்று காதோடு சொன்னாள்.

அவள் சொன்னது எனக்கு நன்றாகக் கேட்டது. அந்த ரேகைதான் என் மனத்தில் முள்ளாகக் கிடந்தது. அதை இன்னொரு முறை வைக்கச் சொல்கிறாளே என்று கோபம் வந்தது. “உன் சோலியப் பாரு” என்றேன். ஐந்து எழுத்தையும் ஒன்றன்பின் ஒன்றாக, அவசரப்படாமல், எல்லாத் தாளிலும் எழுதினேன். குமாஸ்தா, “பரவால்லயே, என் எழுத்த விட நல்லாருக்கு” என்றார். அன்றைக்கு நான் கொஞ்சம் நிமிர்ந்துதான் பஸ் ஏறினேன்.

கோர்ட்டு நாளன்று காலையிலேயே போய்விட்டோம். வாசலில் பையைப் பார்த்து, ஆளைப் பார்த்து, சீட்டு எழுதி உள்ளே விட்டார்கள். சுவரில் சிவப்பு விளக்கில் எண்கள் மாறிக்கொண்டே இருந்தன. என்னைக் கூப்பிட்டு விசாரிப்பார்கள், ஹேண்ட் பிரேக் போட்டதை மட்டுமாவது சொல்லிவிட வேண்டும் என்று மனத்துக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தேன். எங்கள் எண் வந்தது, போனது. ஒரு செம்புத் தண்ணீர் குடிக்கிற நேரம்கூட இல்லை. வக்கீலம்மா வெளியே வந்து, உத்தரவு ஆகிவிட்டது, எட்டு வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்றார்.

“குடுக்கச் சொல்லிட்டாகளா?”

“முடிவெடுக்கச் சொல்லிருக்காங்கம்மா. குடுக்கலாம், குடுக்காமலும் போகலாம்.”

நான் முதல் பாதியை மட்டும் வீட்டுக்கு எடுத்து வந்தேன். கோர்ட்டே சொல்லிவிட்ட பிறகு யார் மறுப்பார்கள்? பழைய டிரைவரை வரச் சொல்லி இன்ஜினைக் கிளப்பிப் பார்த்தோம். முக்கி முனகிக் கிளம்பியது. கோரையை வெட்டினேன். டயருக்கு எலுமிச்சம்பழம் வாங்கி வைத்தேன். மியூசியம் என்றவள் வந்து, “முன் சீட்டு இனிமே எனக்குத்தேன்” என்றாள்.

உத்தரவு நகல் கைக்கு வந்ததும் ஆபீசில் கொடுப்பதற்கு முன்னால் அழகர்கோவிலுக்கு எடுத்துப் போனேன். எங்கள் ஆட்களுக்கு அங்கே கருப்பன் வாசல்தான் பெரிய கோர்ட்டு. சாத்திய கதவுதான் சாமி. கடன், களவு, வரப்புத் தகராறு எதுவானாலும் அந்தக் கதவுக்கு முன்னால் நின்று சத்தியம் பண்ணச் சொன்னால் பொய்யன் படியேற மாட்டான். உத்தரவைக் கதவடியில் வைத்துக் கும்பிட்டேன், சந்தனம் ஒட்டிக்கொண்டது. ஆபீசில் தபால் வாங்குகிறவர், “என்னம்மா மஞ்சளா இருக்கு?” என்றார். கருப்பன் வாசல் சந்தனம் என்றேன். காகிதத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு முத்திரை குத்தினார்.

ஆறாவது வாரம் விசாரணைக்கு வரச் சொல்லி நோட்டீஸ் வந்தது. போனோம். ஆபீசர் அறையில் எங்களுக்கு முன்னாலேயே இரண்டு பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் யாரோ வக்கீல். இன்னொருவன் என் மகனின் கூட்டாளி.

என்னைப் பார்த்து எழுந்து நின்றான். “வாங்க ஆத்தா” என்றான். எனக்குத் துணையாக வந்திருக்கிறான் என்று நினைத்து, “சாப்டியாப்பா?” என்று கேட்டேன். அவன் தன் வக்கீலைப் பார்த்தான். ஓடாமல் கிடக்கிற அந்தத் தடத்தைத் தன் பேருக்குக் கேட்டு அவன் மனுப் போட்டு நாலு மாதம் ஆகியிருந்தது. என் மனுவை எதிர்க்கத்தான் வந்திருந்தான்.

அவனுடைய வக்கீல் இரண்டு காகிதங்களைத்தான் எடுத்து வைத்தார். ஒன்று, கருமாதியன்று போன மனு. அதில் நீலமாக ஒரு ரேகை, பக்கத்தில் சாட்சி இல்லை. இன்னொன்று, கோர்ட்டில் நான் கொடுத்தது. அதில் கையெழுத்து. அதோடு, ‘நான் கையெழுத்திட்டுக் கொடுத்த விண்ணப்பம் கிடப்பில் உள்ளது’ என்று அதில் நானே சத்தியம் பண்ணியிருக்கிறேனாம். இங்கிலீஷில் இருந்ததை அவர் தமிழில் சொன்னபோதுதான் எனக்கே தெரியும். நான் கையெழுத்திட்டு எந்த விண்ணப்பமும் கொடுக்கவில்லையே. ஆகவே ரேகை வைத்தது வேறு யாரோ, இந்த அம்மா விண்ணப்பமே போடவில்லை, புரோக்கர் போட்ட பினாமி மனு இது என்றார்.

ஆபீசர் நிதானமானவர். ஆதாரை வாங்கிப் பார்த்தார். “நீங்க நீங்கதாங்கிறதுல சந்தேகம் இல்லம்மா. இந்த ரேகை உங்களுதுதானாங்கிறதுதான் கேள்வி. இம்புட்டு அழகா எழுதுறவங்க எதுக்கு ரேகை வைக்கணும்?”

“அன்னைக்குக் கை எழுதலைய்யா. பிள்ளைக்குப் பதினாறாம் நாள்.”

அவர் பழைய மனுவின் தேதியைப் பார்த்தார். புரோக்கரும் வீட்டு ஆட்களும் இல்லாமல் வேறு சாட்சி யாராவது உண்டா என்று கேட்டார். நான் திரும்பி அவனைக் காட்டினேன். ரசத்துச் சோறு, எச்சில் கை, கழுவிவிட்டு வந்து போடுகிறேன் என்றது, எல்லாம் சொன்னேன். அவனுடைய வக்கீல் சிரித்தார். அவன் சிரிக்கவில்லை.

“சொல்லப்பா. நீ பாத்ததத்தான கேக்குறேன்.”

“எனக்கு ஞாபகம் இல்ல ஆத்தா” என்றான். தரையைப் பார்த்துச் சொன்னான்.

“இதையே கருப்பன் வாசல்ல வந்து சொல்லுறியா? நாளைக்கே போவோம். கதவத் தொட்டு நீ ஞாபகம் இல்லன்னு சொல்லிட்டா, நானே இந்த மனுவ வாபஸ் வாங்கிக்கிறேன்.”

அவன் முகம் செத்துவிட்டது. ஆபீசர்தான், “அம்மா, கருப்பன் சொல்றத நான் பைல்ல ஏத்த முடியாதும்மா” என்றார். கேலியாகச் சொல்லவில்லை, வருத்தமாகத்தான் சொன்னார். பிறகு அவரே ஒரு வழி சொன்னார். இப்போது இங்கேயே இடது பெருவிரலை வைத்தால் பழையதோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

மைப்பெட்டியை நானே கேட்டு வாங்கினேன். முப்பத்தேழு வருடம் தள்ளித் தள்ளிவிட்ட பெட்டி. நானே திறந்து, நானே விரலை அமுக்கி, வெள்ளைத் தாளில் வைத்தேன். எடுத்துப் பார்த்தால் ஒரு நீலப் பொட்டுதான் இருந்தது. கோடே இல்லை. இன்னொரு முறை வைக்கச் சொன்னார்கள். மூன்றாவது முறையும் பொட்டுதான். மருமகள் தன் முந்தானையால் என் விரலைத் துடைத்துத் துடைத்து விட்டாள். பழைய தாளிலும் ஒரு பொட்டு, புதிய தாளிலும் ஒரு பொட்டு. இரண்டு பொட்டும் ஒன்றுதான் என்று எனக்குத் தெரியும். அவருக்கு எப்படித் தெரியும்?

எட்டாவது வாரம் முடிய இரண்டு நாள் இருக்கும்போது பதிவுத் தபால் வந்தது. மருமகள் நின்றபடியே படிக்க ஆரம்பித்தாள், பாதியில் உட்கார்ந்தாள். ரேகை விண்ணப்பதாரருடையதுதான் என்று நிரூபிக்கப்படவில்லை, ஆகவே மனு நிராகரிக்கப்படுகிறது, கோர்ட்டு உத்தரவு இத்துடன் நிறைவேற்றப்பட்டது. அந்தக் கடைசி வரியில் யாரும் குறை சொல்ல முடியாது. முடிவெடுக்கச் சொன்னார்கள், எடுத்துவிட்டார்கள்.

வக்கீலம்மா தபாலைப் படித்துவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டார். கோர்ட்டில் கொடுத்த சத்தியத் தாளில் ‘கையெழுத்திட்டு’ என்ற அந்த ஒரு வரி எப்படி நுழைந்தது என்று குமாஸ்தாவைக் கேட்டார். எப்போதும் போடுகிற வரி, அப்படியே டைப் ஆகிவிட்டது என்றார் அவர். “படிச்சுக் காட்டலையா?” என்று கேட்டார். அப்போது குமாஸ்தா சொன்ன பதில் இன்னும் என் நெஞ்சில் குத்திக்கொண்டு நிற்கிறது. ரேகை வைக்கிறவர்களுக்குத்தான் தாளை முழுதாகப் படித்துக் காட்டி, படித்துக் காட்டியதாகக் கீழே எழுத வேண்டுமாம். கையெழுத்துப் போடுகிறவர்களுக்கு அது வேண்டாமாம், அவர்களே படித்துக்கொள்வார்கள் என்று அர்த்தமாம்.

மைப்பெட்டியைத் தள்ளாமல் இருந்திருந்தால் எனக்குப் படித்துக் காட்டியிருப்பார்கள். படித்துக் காட்டியிருந்தால், “நான் கையெழுத்துப் போடலையே, ரேகைதான வச்சேன்” என்று அங்கேயே சொல்லியிருப்பேன். ஐந்து எழுத்தைக் காட்டுகிற ஆசையில் என் பிள்ளை விட்டுப்போன தடத்தை என் கையாலேயே அடைத்துவிட்டேன்.

அதற்குப் பிறகு நான்கு நாள் நான் பஸ்ஸை விட்டு இறங்கவில்லை. அவன் உட்கார்ந்த சீட்டில் உட்கார்ந்திருந்தேன். சோறு இறங்கவில்லை. ஹேண்ட் பிரேக்கைப் பிடித்துக்கொண்டு, போய்ச் சேர்ந்துவிட வேண்டும் என்று அந்த இடத்திலேயே வேண்டினேன். அவனாவது முப்பது பேரை ஓரத்தில் இறக்கிவிட்டுப் போனான். நான் எல்லாரையும் நடுரோட்டில் விட்டுவிட்டேன். பூக்காரப் பெண்கள் கடந்து போகும்போது குனிந்துகொள்வேன்.

மருமகள் தினமும் தட்டைக் கொண்டுவந்து படியில் வைத்துவிட்டுப் பள்ளிக்கூடம் போவாள். நான் அன்றைக்கே சொன்னேனே என்று அவள் ஒரு நாளும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் சண்டை போட்டிருப்பேன், சண்டை போட்டால் பசித்திருக்கும். நான்காம் நாள் அவள் ஏறி வந்து முன் சீட்டில், என் சீட்டில், உட்கார்ந்தாள்.

“அத்தை, உங்க மகன் போனப்ப நீங்கதான் என்னய எந்திரிச்சு வேலைக்குப் போன்னு தள்ளிவிட்டீக. இப்ப நீங்க இங்கனயே கெடந்தா என்னய யாரு தள்ளிவிடுவா?”

இறங்கி வந்து குளித்தேன்.

அடுத்த வாரம் அவன் வந்தான், கூட்டாளி. வாசலில் செருப்பைக் கழற்றாமல் நின்றான். மோர் கொடுத்தேன், குடித்தான். தன் மகனுக்கும் ஒரு பிழைப்பு வேண்டும், வேறு வழி தெரியவில்லை என்றான். அவன் சொன்னது பொய் இல்லை. அவன் நிலமும் போன வருடம் போய்விட்டது. பிறகு பஸ்ஸைப் பார்த்தபடியே சொன்னான்.

“சும்மா கெடந்து துருப்பிடிக்குது ஆத்தா. எனக்குப் பர்மிட் வந்தா வண்டிய எனக்கே குடுத்துருங்க. மாப்ள வண்டி, நான் நல்லா வச்சுக்கிருவேன்.”

சாவி என் இடுப்பில்தான் இருந்தது. எடுத்துக் காட்டினேன்.

“தாரேன். வெலகூட வேணாம். கருப்பன் வாசலுக்கு வா, அங்கன வச்சு உன் கையில தாரேன்.”

சொம்பை வைத்துவிட்டுப் போய்விட்டான். அது நடந்து இருபது நாளுக்கு மேல் ஆகிறது. ஒரு வெள்ளிக்கிழமை நான் அழகர்கோவில் போய்ச் சாத்திய கதவுக்கு எதிரே பொழுது சாயும்வரை சாவியோடு உட்கார்ந்தும் பார்த்தேன். வரவில்லை. வராதது எனக்குப் போதும். ஆனால் அது எந்தக் காகிதத்திலும் ஏறாது.

இன்னும் ஒரு வழி இருக்கிறது என்கிறார் வக்கீலம்மா. மேல்முறையீடு. பர்மிட்டுக்கு ஐந்து மாதம் ஆயுள் மிச்சம் இருக்கிறது. அதற்குள் நடந்தால் உண்டு, இல்லையென்றால் இல்லை. நடக்கும் என்று அவர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. ரேகை வைத்த நாளில் இருந்து நடந்தது அத்தனையையும், ஒன்று விடாமல், வெட்கப்படாமல் சொல்லி எழுதி வாங்கிக்கொண்டு வரச் சொன்னார். அதற்கு வேண்டியதை அவர் எடுத்துக்கொள்ளட்டும். மிச்சம் எங்களுக்கு இருக்கட்டும் என்றுதான் தேவைக்கு மேலேயும் சொல்லிவிட்டேன்.

இதோ, பேத்தி கடைசித் தாளைக் கொண்டுவந்து மடியில் வைத்துவிட்டாள். பேனாவையும் வைத்தாள். பக்கத்திலேயே மைப்பெட்டியும் இருக்கிறது, நான்தான் வாங்கிவரச் சொன்னேன். கையெழுத்தா ரேகையா என்று கேட்கிறாள். இரண்டும் வைப்பேன், பக்கத்தில் சாட்சியாக உன் அம்மா கையெழுத்துப் போடட்டும் என்றேன். அவள் மூடியைத் திறக்கப் போனாள். கையைப் பிடித்து நிறுத்தினேன்.

“இரு தாயி. மொதல்ல இருந்து படி. ஒரு வரி விடாமப் படி, அப்பத்தா கேக்குறேன்.”